தறியில் ஆடிய தலை

"படத்துல எடிட்டர்னு என் பேரைப் போடுங்க சார்" என்று பிரவீனா கேட்டேவிட்டாள்.

அறையில் இருந்தவர்கள், கருவறைக்குள் செருப்போடு நுழைந்தவளைப் பார்ப்பதுபோல் அவளைப் பார்த்தார்கள். 'உள்ளது உள்ளபடி' ஆவணப்பட நிலையத்தில் எதை வேண்டுமானாலும் கேட்கலாம். லீவு கேட்கலாம், கிடைக்காது. ஏ.சி. கேட்கலாம், அதுவும் கிடைக்காது. கேட்டதற்காக யாரும் கோபித்துக்கொள்வதில்லை. எடிட்டர் பேரை மட்டும் கேட்கக் கூடாது. அவள் வேலைக்குச் சேர்ந்த அன்றே கேமராமேன் லோகேஷ் தனியாகக் கூப்பிட்டு, டீ வாங்கிக் கொடுத்து, இதைச் சொல்லியிருந்தான். அவளுக்கு முன்னால் அந்த நாற்காலியில் இருந்தவர் அதைக் கேட்டதால்தான் இப்போது செவிலிமேட்டில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறார் என்பதையும் சேர்த்தே சொன்னான்.

நிலைய இயக்குநர் முனைவர் பூவராகவன் கோபப்படவில்லை. கோபப்படுவதைவிட மோசமான ஒன்றைச் செய்தார். விளக்கம் கொடுத்தார்.

"எடிட்டர்னு ஒருத்தர் பேரைப் போட்டா என்னம்மா அர்த்தம்? படத்தை யாரோ வெட்டியிருக்காங்கன்னு அர்த்தம். வெட்டியிருக்காங்கன்னா, வெட்டறதுக்கு ஏதோ இருந்திருக்குன்னு அர்த்தம். இருந்துச்சுன்னா, அது எங்கன்னு ஜனங்க கேப்பாங்க. ஜனங்களைக் கேக்க வைக்கறதா நம்ம வேலை? நடந்தது, எடுத்தோம், காட்டறோம். உள்ளது உள்ளபடி. இதுக்கு நடுவுல நீ எங்கிருந்து வந்தே?"

நடுவில் அவள்தான் இருந்தாள். ஏனாத்தூர் போகிற சாலையில், டைல்ஸ் கடைக்கு மேல் மாடியில், ஜன்னலை அட்டை வைத்து மறைத்த ஓர் அறையில், காலையில் உட்கார்ந்தால் முதுகு மரத்துப் போகும்வரை அவள்தான் இருந்தாள். இந்த வட்டாரத்துத் தலைவர் ராஜவேலு பேசினால் எழுவாய் ஒரு மேடையில் கிடைக்கும், பயனிலை அடுத்த மேடையில் கிடைக்கும். இரண்டையும் தேடிப்பிடித்து ஒட்டி அவரைப் பேச்சாளர் ஆக்கியது அவள். காலி நாற்காலிகளை நீக்கி, கோயில் தேர்க் கூட்டத்தை எடுத்து வந்து அவர் முன்னால் உட்கார வைத்தது அவள். தன் கட்சியைத் தொடங்கியவர் பேரையே மறந்து அவர் விழித்து நின்ற நேரத்தில், வானத்தில் ஒரு கொக்கைப் பறக்கவிட்டுக் காப்பாற்றியதும் அவள்தான்.

அவள் கழுத்தில் தொங்கிய அட்டையில் 'கணினி உதவியாளர், நிலை இரண்டு' என்று இருந்தது. நிலை ஒன்று என்று நிலையத்தில் யாரும் கிடையாது.

பிரவீனாவின் வீட்டில் அவளுக்கு முன்னால் காலேஜ் வாசலைத் தாண்டியவர் இல்லை. விஸ்காம் என்றால் என்ன என்று சொந்தக்காரர்களுக்கு விளக்கி விளக்கி ஓய்ந்துபோன அம்மா சம்பூர்ணம், கடைசியில் "படம் பண்றா" என்று சுருக்கிக்கொண்டாள். பண்ணின படத்தில் பேர் எங்கே என்று அவர்கள் கேட்டார்கள். அதனால் சம்பூர்ணம் ஒவ்வொரு திரையிடலுக்கும் போனாள். கடைசியில் ஓடும் பேர்களை எழுத்துக் கூட்டிப் படித்தாள். இளநீர் உபயம் வந்தது. ட்ரோன் பறக்க மொட்டைமாடி தந்தவர் வந்தார். தலைவர் வீட்டு நாயைப் பிடித்துக்கொண்டவர்கூட வந்தார். மண்டபத்தில் விளக்கு போட்டு, நாற்காலியை அடுக்கி, பெருக்க ஆரம்பித்த பிறகும் அவள் வெள்ளைத் திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். அதைப் பார்க்க முடியாமல்தான் பிரவீனா இன்று கேட்டது.

கேட்டதற்குப் பதிலாக அவளுக்கு ஒரு புதுப்படம் கிடைத்தது.

படத்தின் பேர் 'மழைக்கு அஞ்சாத மாமனிதர்'. பிள்ளையார்பாளையத்தில் ராஜவேலு ஒரு மழைநீர்க் கால்வாய் கட்டியிருந்தார். அதனால் நெசவாளர் வீட்டில் தண்ணீர் புகுவது நின்றுவிட்டது என்பது படத்தின் சாரம். தண்ணீர் புகாததை எப்படிப் படம் எடுப்பது என்று லோகேஷ் விழித்தான். பிரவீனாதான் தன் தெருவுக்கு அவனைக் கூட்டிப்போனாள். துர்காதேவி அத்தையைப் பேசச் சொன்னாள்.

துர்காதேவி சொந்த அத்தை இல்லை. நான்கு வீடு தள்ளி இருப்பவள். தெருவில் குழாய் உடைந்தாலும், தெருவிளக்கு எரியாவிட்டாலும், ஆள் திரட்டிக்கொண்டு போய் நிற்பவள். கேமராவுக்காகத் தறியை நிறுத்த மாட்டேன் என்றாள். நெய்துகொண்டே பேசினாள்.

"கால்வா கட்டலேன்னு நான் சொல்லலபா. கட்டினாரு. ரோட்டுத் தண்ணி பூரா எங்க வூட்டுக்கு வர்றதுக்கு வழி கட்டினாரு. முன்னெல்லாம் தண்ணி வழி தெரியாம அந்தாண்ட இந்தாண்ட போயிக்கினு இருந்துச்சி. இப்ப நேரா தறிக்குழிக்கே வந்துடுது. போன மழையில பாவு நூலு பூரா நனைஞ்சி சாயம் இறங்கிப் போச்சி. அவரும் வந்தாரு. இந்தா, இந்தப் படியில ஷூவோட நின்னு போட்டோ எடுத்துக்கினு போனாரு. தண்ணி அவரு கூடப் போவல."

பேசி முடித்து, "இத்த வெட்டிடுவாங்களாடி?" என்று கேட்டாள்.

"வெட்டறவளே நான்தான் அத்த. வெட்ட மாட்டேன்" என்றாள் பிரவீனா.

நிலையத்தில் ஒரு படம் வெளியே போகவேண்டுமானால் ஒப்புதல் குழு பார்க்க வேண்டும். குழு என்றால், தலைவரோடு எங்காவது நின்று படத்தில் விழுந்திருக்கிற பெரியவர்கள். ஆளாளுக்குத் தன் முகம் எத்தனை முறை வருகிறது, பக்கத்து ஆள் முகம் எத்தனை முறை வருகிறது என்று விரல் மடக்கிக்கொண்டே பார்ப்பார்கள். அந்த அறையில் ஒலிபெருக்கி கிடையாது. முன்பு இரண்டு பெரிய பெட்டிகள் இருந்தன. ராஜவேலுவின் பொதுக்கூட்டம் ஒன்றுக்கு இரவலாகப் போனவை திரும்பி வரவில்லை. திரும்பக் கேட்பது மரியாதையில்லை என்று குழு தீர்மானம் போட்டது. அதிலிருந்து படங்களைச் சத்தமில்லாமல் பார்ப்பது பழக்கமாகி, பழக்கம் மரபாகி, மரபு விதியாகிவிட்டது. ஒலி என்பது தொழில்நுட்பம், நாம் பார்ப்பது கொள்கை என்று பூவராகவன் அதற்கு விளக்கமும் கண்டுபிடித்திருந்தார்.

திரையில் துர்காதேவி வந்தாள். தறியில் உட்கார்ந்தவர் கண், ஊடை நூலை இழுத்துக்கொண்டு குறுக்கே ஓடும் நாடாவோடு போகும். நாடா இடப்பக்கம் போனால் தலை இடப்பக்கம் சாயும், வலப்பக்கம் போனால் வலப்பக்கம். நூலை நெருக்கப் பலகையை இழுத்து அடிக்கும்போது ஒரு குனிவு. அந்தத் தெருவில் பிறந்த யாருக்கும் அது கண்ணில்கூடப் படாது. ஆனால் லோகேஷ் முகத்தை மட்டும் நெருக்கத்தில் எடுத்திருந்தான். நாடா தெரியவில்லை, பலகை தெரியவில்லை. ஒரு பெண் வாயை அசைத்துக்கொண்டே, "ஆமாம், ஆமாம், ரொம்பச் சரி" என்று தலையாட்டிக்கொண்டிருந்தாள்.

குழு நிமிர்ந்து உட்கார்ந்தது. முதல் முறையாகத் தன் முகம் அல்லாத ஒரு முகத்தை அது பார்த்தது.

"எப்படி ஆமோதிக்கிறாங்க பாருங்கய்யா" என்றார் பூவராகவன். குரல் தழுதழுத்தது.

அது ஆமோதிப்பு இல்லை, நாடாவைப் பார்க்கிறார்கள் என்று பிரவீனா சொன்னாள். நாடா எங்கே என்று கேட்டார். திரைக்கு வெளியே இருக்கிறது என்றாள். திரைக்கு வெளியே இருப்பது உள்ளது ஆகாது என்றார். அத்தை பேசுவதைக் கேட்டால் புரியும், ஹெட்போன் தரட்டுமா என்று அவள் கேட்டாள். குழுவில் ஆறு காதுகளுக்குத்தான் கேட்கும் சக்தி இருந்தது. அவற்றில் ஒன்றுகூட அதற்கு முன்வரவில்லை. தலையாட்டலை மட்டும் வைத்துக்கொள்வது, பேச்சு இருக்கும் இடத்தில் நாதஸ்வரம் போடுவது என்று முடிவானது. மாட்டேன் என்றாள். அப்படியானால் கல்யாண வீடியோ ஸ்டூடியோவிலிருந்து ஒரு பையனைக் கூப்பிட்டுப் போட்டுக்கொள்வோம், உனக்கு எதற்குச் சிரமம் என்று அன்பாகச் சொன்னார்கள். அந்த ஸ்டூடியோவிலிருந்து வந்தவள்தான் அவளும். போட்டாள். எரிச்சலோடு போட்டாள், பல்லைக் கடித்துக்கொண்டு போட்டாள். ஆனால் போட்டாள்.

ராஜவேலு பேசினார். துர்காதேவி தலையாட்டினாள். படத்துக்கு முன்னோட்டமாக அந்தத் துண்டைத் தெருத் தெருவாக வாட்ஸ்அப்பில் அனுப்பினார்கள்.

அதோடு நின்றிருந்தால் தேவலை. அந்தத் தலையாட்டலைப் போல் ஒன்று தமிழ்நாட்டில் இல்லை என்று பேச்சு பரவிவிட்டது. டெல்டா பக்கத்துப் பிரமுகர் ஒருவர் தன் வாழைப் படத்துக்கு அதைக் கேட்டார். பிரவீனா துர்காதேவியின் புடவைக்குக் கணினியில் பச்சை ஏற்றினாள், பின்னால் வாழைத்தோப்பு வைத்தாள். கடலோரத்திலிருந்து ஒருவர் கேட்டார். புடவை நீலமானது, பின்னால் படகு வந்தது. பூவராகவன் அதற்கு 'ஆமோதிப்புக் களஞ்சியம்' என்று பேர் வைத்துத் தனியாக ஒரு ஹார்ட் டிஸ்க் வாங்கி, பூ வைத்துக் கற்பூரம் காட்டினார். பிறகு ராஜவேலுவின் எதிர் அணிக்காரர்கள், ராஜவேலு ஒன்றுமே செய்யவில்லை என்று சொல்கிற படம் ஒன்றைக் கேட்டு வந்தார்கள். நிலையம் அதையும் எடுத்துக் கொடுத்தது. அதிலும் துர்காதேவி தலையாட்டினாள்.

இது நியாயமா என்று பிரவீனா கேட்டபோது, பூவராகவன் அவள் அறியாமையைக் கண்டு வருந்தினார்.

"ஒரு பக்கம் மட்டும் ஆட்டினா அதுக்குப் பேரு கட்சி. ரெண்டு பக்கமும் ஆட்டினா அதுக்குப் பேரு நடுநிலைமை. நம்ம நிலையத்தை எல்லாரும் நம்பறாங்கன்னா சும்மாவா?"

பிள்ளையார்பாளையத்தில் இரண்டு படத் துண்டுகளும் ஒரே நாளில் எல்லார் போனுக்கும் வந்து சேர்ந்தன. கால்வாய்ச் சரிவை மாற்றிக் கட்டச் சொல்லி ஆபீசில் போய்க் கேட்பதற்குத் தெருப் பெண்கள் கிளம்ப இருந்தார்கள். வழக்கம்போல் முன்னால் போய் நின்ற துர்காதேவியை ஒருத்தி தடுத்தாள். "நீ வர வேணாம்மா. அங்க வந்தும் தலைய ஆட்டுவ" என்றாள். மற்றவர்கள் சிரித்தார்கள். இரண்டு பேரிடமும் வாங்கிக்கொண்டாள் என்று இன்னொருத்தி அவள் காதுபடச் சொன்னாள். இருபது வருஷமாக அவள் பின்னால் போன தெரு, அவளை விட்டுவிட்டுப் போய்விட்டது.

துர்காதேவி நேராக டைல்ஸ் கடை மாடிக்கு வந்தாள்.

பூவராகவனுக்குத் தலைகால் புரியவில்லை. களஞ்சியமே படியேறி வந்திருக்கிறது. நாற்காலி போடச் சொன்னார். பொன்னாடை எடுத்துவரச் சொல்லி அவள் தோளில் போர்த்தினார். பாலியஸ்டர். பட்டு நெய்கிறவள் அதை இரண்டு விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு, எடுத்து மேசைமேல் வைத்தாள்.

"என் தலைய யாரு ஆட்டினது?" என்று கேட்டாள்.

"உங்க தலைதானேம்மா. நீங்கதானே ஆட்டினீங்க? உள்ளது உள்ளபடி."

"தறியில உக்காந்தா தல ஆடத்தான் ஆடும். உன்ன உக்கார வச்சாலும் ஆடும். நான் வாயத் தொறந்து பேசினேனே, அது எங்க?"

இங்கே எதையும் வெட்டுவதில்லை, நிலையத்தில் எடிட்டரே கிடையாது என்றார் பூவராகவன். துர்காதேவி மெல்லத் திரும்பி, ஜன்னல் மறைத்த அறையின் வாசலில் நின்றிருந்த பிரவீனாவைப் பார்த்தாள்.

"அப்ப இவ இன்னா பண்றா?"

"கணினி உதவியாளர்" என்றார்.

துர்காதேவி அவளைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் பரவாயில்லை, பிரவீனா பதிலுக்கு ஏதாவது சொல்லியிருப்பாள். வக்கீலைப் பார்க்கப்போவதாக மட்டும் பூவராகவனிடம் சொல்லிவிட்டு இறங்கிப்போனாள்.

வக்கீல் என்ற சொல் நிலையத்தில் அற்புதங்கள் செய்தது. மறுநாள் பூவராகவன் பிரவீனாவைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். உட்காரச் சொன்னது அதுதான் முதல் தடவை. டீயும் வந்தது.

"உன் கோரிக்கையைக் குழு பரிசீலிச்சுதும்மா. நியாயமான கோரிக்கை. 'மழைக்கு அஞ்சாத மாமனிதர்'ல உன் பேர் வருது. கடைசியில இல்ல, முதல்லயே. தனியா. பெரிசா."

பிரவீனா நம்பாமல் பார்த்தாள். எடிட்டர் பேர் போட்டால் வெட்டியது தெரிந்துவிடுமே என்று கேட்டாள்.

"தெரியணும்" என்றார். "படம் நல்லா இருந்தா அது நிலையத்தோட சாதனை. அதுக்குத் தனியா ஒரு பேர் தேவையில்ல. ஆனா ஏதாவது தப்பு இருந்தா, அது நிலையத்தோட தப்பா இருக்க முடியாது பாரு. நிலையம் ஒரு கொள்கை. கொள்கை எப்படித் தப்பு பண்ணும்? அதுக்கு ஒரு ஆள் வேணும். வெட்டினது, ஒட்டினது, யார் பேச்சையோ விட்டது, எல்லாத்துக்கும் முழுப் பொறுப்பு எடிட்டர். இனிஷியலோட போடுவோம். அப்பா பேரு என்ன, கைலாசமா? கை. பிரவீனா. டிகிரியும் போட்டுக்கோ. வக்கீல் நோட்டீஸ்ல எல்லாம் முழுப் பேரு இருந்தாத்தான் செல்லும்."

இதைச் சொல்லும்போது அவர் முகத்தில் கள்ளம் கபடம் ஏதும் இல்லை. பரிசு கொடுக்கிற முகம் அது. அந்த முகத்தில் டீயைக் கொட்டலாமா என்று பிரவீனா ஒரு கணம் யோசித்தாள். அப்புறம் அதைக் குடித்தாள். குடித்துக்கொண்டிருக்கும்போதே அவர் சொன்னதில் ஒரு வார்த்தை அவளுக்குள் தங்கிவிட்டது. முழுப் பொறுப்பு எடிட்டர்.

சாயங்காலம் துர்காதேவி வீட்டுக்குப் போனாள். தறி ஓடிக்கொண்டிருந்தது. அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை.

"அத்த, நீங்க பேசினத அப்படியே போடட்டுமா? ஊரு பூரா கேக்கும். ராஜவேலு ஆளுங்களும் கேப்பாங்க. அப்புறம் வந்து மெரட்டினா என்ன பண்ணுவீங்க?"

நாடா ஒரு முறை போய் வந்தது.

"பின்ன எதுக்குடி நான் பேசினேன்? உன் கேமராவுக்கு அழகு காட்டவா?" என்றாள் துர்காதேவி. பலகையை இழுத்து அடித்தாள். "மெரட்டறவன் மெரட்டட்டும். தெருவுல என்னிய வேணாம்னு சொன்னாளுங்களே, அத விடவா? இந்த வாட்டியாவது போடுவியா, இல்ல கொக்கு பறக்க வுடுவியா?"

பிரவீனாவுக்கு முகம் சுருங்கிவிட்டது. கொக்கு விஷயம் தெருவரைக்கும் வந்திருந்தது.

எடிட்டிங்கில் அவள் செய்தது மிகக் கொஞ்சம். ஒரு காட்சியைக்கூட மாற்றவில்லை, முன்பின் ஆக்கவில்லை. ராஜவேலு பேசுகிற இடமெல்லாம் அப்படியே இருந்தது. துர்காதேவி தலையாட்டுகிற இடமெல்லாம் இருந்தது. அத்தையின் பேச்சின் மேல் போட்டிருந்த நாதஸ்வரத்தை மட்டும் எடுத்தாள். அடியில் தறிச் சத்தம் இருந்தது. தறிச் சத்தத்தோடு அந்தப் பேச்சும், ஒரு சொல் குறையாமல், அங்கேயே இருந்தது.

ஒப்புதல் குழு கூடியது. அன்று சாயங்காலமே மண்டபத்தில் திரையிடல் என்பதால் எல்லாரும் சலவை வேட்டியில் வந்திருந்தார்கள். திரை ஓடியது. சத்தமில்லை. முதலிலேயே 'படத்தொகுப்பு: கை. பிரவீனா, பி.எஸ்ஸி.' என்று தனியாக வந்தது. எழுத்து இன்னும் கொஞ்சம் பெரிசாக இருக்கலாமோ என்று ஒருவர் கேட்டார். இதுவே போதும், நீதிமன்றத்தில் நன்றாகத் தெரியும் என்றார் பூவராகவன். பிறகு அவரவர் முகத்தை அவரவர் எண்ண ஆரம்பித்தார்கள்.

ராஜவேலு வாயசைத்தார். துர்காதேவி வாயசைத்துத் தலையாட்டினாள். திரையில் அவள், "தண்ணி அவரு கூடப் போவல" என்று சொல்கிற இடம் வந்தபோது பிரவீனா திரையை விட்டுப் பூவராகவனைப் பார்த்தாள். பூவராகவன் அந்த இடத்தில்தான் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"என்ன ஒரு ஆமோதிப்பு" என்றார். குழு தலையாட்டியது. கடைசியில் ஒருவர் மட்டும், தன் மைத்துனர் முகம் ஒரு முறை கூடுதலாக வருவதாக ஆட்சேபித்தார். அது பதிவு செய்யப்பட்டது. படம் ஒருமனதாக ஒப்புக்கொள்ளப்பட்டது. பூவராகவன் கையெழுத்துப் போட்டு, பென் டிரைவைத் தானே எடுத்து, சந்தனப் பொட்டு வைத்து, லோகேஷிடம் கொடுத்து மண்டபத்துக்கு அனுப்பினார்.

ராஜவேலு மண்டபத்தில் எல்லா ஏற்பாடும் பிரமாதமாகச் செய்திருக்கிறாராம். பிள்ளையார்பாளையம் முழுக்க அழைப்பு போயிருக்கிறதாம். இரவல் போன நம் பெரிய ஒலிபெருக்கிகள் இரண்டும் அங்கேதான் மேடைக்கு இரண்டு பக்கமும் நிற்கின்றனவாம். பூவராகவன் அதைப் பெருமையாகச் சொன்னார். தெருக்கோடி வரைக்கும் கேட்குமாம்.

பிரவீனா கழுத்திலிருந்த அட்டையைக் கழற்றி, மேசைமேல் கிடந்த பொன்னாடையின் மேல் வைத்தாள்.

"எதுக்கும்மா அதைக் கழட்டறே?"

"இதுல கணினி உதவியாளர்னு போட்டிருக்கு சார். இப்ப நான் எடிட்டராச்சே."

புது அட்டை கேட்கிறாள் என்று புரிந்துகொண்டு அவர் சிரித்தார். சாயங்காலம் சீக்கிரம் வந்துவிடும்படியும், பேர் வரும்போது எழுந்து நின்று கும்பிட வேண்டும் என்றும் சொன்னார். அம்மா வருவார்கள், அவர்கள் பார்ப்பார்கள், அதுபோதும் என்றாள் அவள். ஹெட்போனைச் சுருட்டிப் பைக்குள் போட்டுக்கொண்டாள். அது அவளுடையது.

படியில் லோகேஷ் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தான். கையில் சந்தனம் வைத்த பென் டிரைவ். அந்தப் பேச்சைத் தன் மைக்கில் பிடித்தவன் அவன்தான். அவள் முகத்தையும் வெறும் கழுத்தையும் பார்த்தான்.

"ஆடியோ செக் பண்ணிட்டியா?" என்று கேட்டான்.

"பண்ணிட்டேன்பா" என்றாள். "ரெண்டு பக்கமும் நல்லா வருது."

அவன் பென் டிரைவைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டான். சுவரோரம் ஒதுங்கி வழிவிட்டான். அவள் இறங்கி, டைல்ஸ் கடையைத் தாண்டி, வெயிலுக்குள் போனாள்.